மரு இல்லாத முகம்

கண்ணுக்குக் கீழே இருந்த கருவளையம் போய்விட்டது. முகவாய்க்கட்டைக்கு அடியில் ஒரு சதைமடிப்பு, அதுவும் போய்விட்டது. இப்போது மூக்கைக் கொஞ்சம் கூராக்கலாமா என்று யோசித்துக்கொண்டிருக்கிறார். நாற்காலியில் காத்திருக்கும் பெண்மணி கேட்டது பாஸ்போர்ட் போட்டோ. கிடைக்கப்போவது அவருடைய தங்கையின் போட்டோ. அப்படியொரு தங்கை பிறக்கவே இல்லை என்பதுதான் சிக்கல்.

தெருவில் இவருக்குப் பெயர் ‘பளிச்’. கண்ணாடிக் கதவு போட்ட போட்டோக் கடை, ரெண்டு குடை விளக்கு, உள்ளே லேமினேஷன் போட்டுத்தர மனைவி. மச்சமோ தழும்போ கண்ணில் பட்டால் துடைத்துவிட்டுத்தான் மறுவேலை. விமான நிலையத்தில் “இது நீங்க இல்லையே” என்று திருப்பி அனுப்பப்பட்டவர்கள் சண்டைக்கு வந்ததுண்டு. “போட்டோவுல தப்பில்லண்ணே. நீங்கதான் போட்டோ மாதிரி இல்ல” என்பார், கொஞ்சமும் கூசாமல்.

இப்பேர்ப்பட்டவர்தான் ஒரு கொலையை நேரில் பார்த்த ஒரே சாட்சி.

எதிர்ச்சாரியில் டூவீலர் ஸ்டாண்டு நடத்திவந்த ஆளை, விளக்கு வைத்த நேரத்தில் நாலு பேர் வந்து மடக்கினார்கள். ஒருவன் கம்பியால் மண்டையில் போட்டான். ரெண்டு பேர் கைகளைப் பிடித்துக்கொண்டார்கள். அந்த மூன்று பேரும் தெருவுக்கே தெரிந்த முகங்கள், சிக்கியதும் ஒப்புக்கொண்டார்கள். நாலாவது ஆள் யாரென்று மட்டும் வாயைத் திறக்கவில்லை. அவனை அடையாளம் காட்டியது பளிச் ஒருவர்தான்.

“அவன் தொடக்கூட இல்லைங்கய்யா. கையைக் கட்டிக்கிட்டுச் சும்மா நின்னான்” என்று கூண்டில் ஏறி உள்ளதை உள்ளபடி சொன்னார். சும்மா நின்றவனைச் சும்மா விட்டுவிடுவார்கள் என்பது அவர் கணக்கு. சட்டத்தின் கணக்கு வேறு: ஒரே எண்ணத்தோடு கூடவந்தவன் கையைக் கட்டிக்கொண்டு நின்றாலும், கம்பியைப் பிடித்தவனுக்குச் சமம். நாலு பேருக்கும் ஆயுள்.

“அவர் கன்னத்தில் மரு இருக்கிறதே, அன்றைக்குப் பார்த்தீர்களா?” என்று நாலாவது ஆளைக் காட்டி எதிர்த்தரப்பு வக்கீல் மடக்கத்தான் பார்த்தார். “நான் பார்த்தப்போ கன்னம் வழவழன்னு இருந்துச்சு” என்றார் பளிச். மருவோடு ஒருவர் எதிரே நிற்கும்போதே மரு இல்லை என்று சொல்ல எவ்வளவு நேர்மை வேண்டும்! சொல்லிக்கொடுத்துக் கூட்டிவந்த சாட்சி என்றால் மருவையும் சேர்த்தல்லவா சொல்லியிருப்பார்? அதனாலேயே இவர் இயல்பான சாட்சி என்று தீர்ப்பு பாராட்டியது. அந்த வரியை ஃப்ரேம் போட்டு மாட்டப்போவதாக வீட்டில் சொன்னார். “மாட்டுங்க. ஜட்ஜையா கையெழுத்துல சுருக்கம் இருந்தா அதையும் தேச்சு விட்டுடுங்க” என்றார் மனைவி.

அப்பீல் விசாரணை நெருங்கிய வாரத்தில், மில் சீருடையோடு ஒரு பெண் கடைக்குள் வந்து ஒரு பழைய போட்டோவை மேஜையில் வைத்தார்.

“இதைப் பெரிசாப் போட்டுத் தாங்கண்ணே. கன்னத்து மரு நல்லாத் தெரியணும். வக்கீல் கேட்டாரு.”

“யாரும்மா இது?” திரையை விட்டுக் கண்ணை எடுக்காமலே கேட்டார்.

“என் வீட்டுக்காரர். வேற கடைக்குப் போனா யாரு எவருன்னு விளக்கம் சொல்லணும். உங்களுக்குத்தான் ஆளை நல்லாத் தெரியுமே.”

உள்ளே லேமினேஷன் மெஷினின் சத்தம் நின்றது.

பளிச் போட்டோவை ஸ்கேனரில் வைத்தார். திரையில் படம் விரிந்தது. சிரிக்கிற முகம். கன்னத்தில் கொண்டைக்கடலை அளவுக்கு மரு. தோளில், படத்தின் ஓரத்திலிருந்து நீண்டு வந்த ஒரு குழந்தையின் கை.

அந்தக் கையை அவருக்குத் தெரியும். விரல் விரலாக அதை அழித்ததே அவர்தான்.

“இந்தப் படத்தை வேற யார்கிட்டயாவது குடுத்தீங்களாம்மா?”

“போலீஸ் வந்து இதைப் போன்ல படமெடுத்துக்கிட்டுப் போனாங்க. சந்தேகம்தான், விசாரிச்சுட்டு விட்டுடுவோம்னாங்க. ஏண்ணே?”

ஸ்டேஷன் போட்டோ வேலையெல்லாம் இந்தக் கடைக்குத்தான் வரும். அடையாள அணிவகுப்புக்கு முந்தின நாள் ஒரு கான்ஸ்டபிள் அவசரமாகப் படம் ஒன்றைப் போட்டு வாங்கிப்போனார். யாரென்று அவரும் சொல்லவில்லை, இவரும் கேட்கவில்லை. பழக்கம் விடுமா? குழந்தையின் கையை எடுத்தார். மருவை எடுத்தார். மறுநாள் ஆட்களை வரிசையில் நிற்கவைத்தபோது, இதோ பார்த்த முகம் என்று மனசு சொன்னது. எங்கே பார்த்தது என்று அவர் மனசைக் கேட்கவில்லை. தெருவிளக்கடியில்தான் என்று விரலை நீட்டிவிட்டார்.

மரு இல்லாத அந்த முகம் தெருவில் நின்றதே இல்லை. அது இருந்த ஒரே இடம் இந்தத் திரை.

“இந்தப் படம் முன்னாடியே இங்க வந்திருக்கும்மா.” திரையைக் காட்டினார். “வரிசையில நான் அவரைப் பார்க்கிறதுக்கு முந்தின நாள்.”

அந்தப் பெண் விளங்காமல் பார்த்தார். மனைவிக்கு விளங்கிவிட்டது. வேகமாக வெளியே வந்தார். “வாயை மூடிக்கிட்டு வேலையைப் பாருங்க. பொய்ச்சாட்சின்னு உங்களைப் புடிச்சு உள்ள வெச்சுடுவாங்க.”

“அக்கா, அப்ப அன்னைக்கு இவரு பார்த்தது என் வீட்டுக்காரரை இல்லையா?”

பதிலுக்கு அந்தப் பெண் காத்திருக்கவில்லை. போனை எடுத்து வக்கீலைக் கூப்பிட்டு, மேஜைக்கு மேலாக நீட்டினார். “என்கிட்ட சொன்னதை அவர்கிட்ட சொல்லுங்க.”

போனுக்குள் “ஹலோ, ஹலோ” என்று ஒரு குரல் பொறுமை இழந்துகொண்டிருந்தது. பளிச் திரையைப் பார்த்தார். அம்புக்குறி கன்னத்தில் போய் நின்றிருந்தது. பாதி மருவைக் காணோம். எப்போது துடைத்தார் என்று அவருக்கே தெரியவில்லை. வலக்கையை மவுஸிலிருந்து பிடுங்கித் தொடைக்கடியில் திணித்து, அதன் மேல் அழுந்த உட்கார்ந்துகொண்டு, இடக்கையை நீட்டிப் போனை வாங்கினார்.