ஸ்டிக்கர் உரித்த சிப்

எண்பதுகளின் நடுவில் ஈப்போவில் ஒரு சீனர் கடையில் வீடியோ கேம் பெட்டிகளைப் பழுதுபார்த்துக்கொண்டிருந்தேன். சுவிட்சைப் போட்டதும் பெட்டி என்ன செய்ய வேண்டும் என்பதெல்லாம் உள்ளே ஒரு சிப்பில் எழுதியிருக்கும். அது கெட்டுப்போன பெட்டிகளுக்கு, அசல் சிப்பிலிருந்து நகல் எடுத்து மாட்டுவது என் வேலை. அசல் எங்களிடம் ஒன்றே ஒன்றுதான். கடையில் கிடந்தால் எவனாவது தூக்கிவிடுவான் என்று தவுக்கே அதை என்னிடமே கொடுத்துவைத்திருந்தார். முதலாளியே நம்பிவிட்டார் என்று எனக்குத் தலைகால் புரியவில்லை. அம்மாவிடம் காட்டி, "இதுதாம்மா என் சோறு" என்று பீற்றிக்கொண்டேன்.

சிப்பின் முதுகில் சின்னதாக ஒரு கண்ணாடி இருக்கும். அதில் நாள்கணக்கில் வெயில் பட்டால் உள்ளே எழுதியது அழிந்துபோகும். அதற்காகத்தான் மேலே கறுப்பு ஸ்டிக்கர். இதை மட்டும் நான் அம்மாவிடம் சொல்லவில்லை. ரப்பர் தோட்டத்தில் பால்வெட்டிக் காலம் தள்ளியவளுக்கு இதெல்லாம் எதற்கு என்ற மிதப்பு.

ஆயுத பூஜை சமயத்தில் சித்தியவானில் இரண்டு வாரம் வேலை இருந்தது. திரும்பி வந்தால், சன்னலோரம் சாமி படத்தின் கீழே, தோட்டத்தை விட்டு வந்த பிறகும் அம்மா பத்திரமாக வைத்திருந்த பால்வெட்டும் கத்தி. பக்கத்தில் என் சிப். ஸ்டிக்கர் இல்லை. ஓரத்தில் சந்தனப் பொட்டோடு மத்தியான வெயிலில் கிடந்தது.

"அழுக்கா ஒட்டியிருந்துச்சுய்யா, உரிச்சுத் தொடச்சேன். ஒன் சோறுன்னு சொன்னியே, கும்பிடாம எப்படிலா? நீயே வந்து எடுக்கட்டும்னு அப்படியே வச்சிருக்கேன்."

"நல்லதும்மா" என்றேன். கத்த வேண்டும்போல் இருந்தது.

கடையில் போட்டுப் பார்த்தேன். சுத்தமாக ஒன்றுமில்லை. அழிந்த சிப்புக்கும் புதுச் சிப்புக்கும் வித்தியாசமே தெரியாது. அசலை விற்றுவிட்டுப் புதுசைக் கொண்டுவந்து ஏய்க்கப் பார்க்கிறாயா என்று தவுக்கே மேசையைத் தட்டினார். பூஜைக் கதையைச் சொன்னால் கடையே என் அம்மாவை நினைத்துச் சிரிக்கும். வாயை மூடிக்கொண்டேன். திருடன் என்ற பேரோடு அன்றே வேலை போனது.

அம்மாவிடம் சொல்ல மனம் வரவில்லை. காலையில் அவள் கட்டிக்கொடுக்கும் சோற்றை வாங்கிக்கொண்டு கிளம்புவேன். ரயில் நிலையத்துக்கு எதிரே மரத்தடியில் சாயங்காலம் வரை உட்கார்ந்திருப்பேன். அவமானம் ஒருபக்கம், அவள்மேல் ஆத்திரம் ஒருபக்கம். அவள் வைத்த கத்தரிக்காய்க் குழம்பு வழக்கம்போல் ருசியாக இருந்தது வேறு எரிச்சலைக் கிளப்பியது.

மூன்றாவது வாரம் ஒருநாள், வாசலில் சோற்று டப்பாவைக் கொடுத்தவள் என் முகத்தைப் பார்க்காமல் வானத்தைப் பார்த்தாள்.

"மழ வரும் போலருக்கு. இன்னிக்கு மரத்தடியில ஒக்காராத. ஸ்டேசன் உள்ள போயி ஒக்காருய்யா."