பதிவேட்டில் ஜூன் ஒன்று

நான் பிறந்தது ஓர் ஆகஸ்ட் மாதம். பள்ளிக்கூடப் பதிவேட்டின்படி அதற்கு முந்தைய வருடம் ஜூன் ஒன்றாம் தேதி. இடையில் உள்ள பதினான்கு மாதங்களை என் அப்பா ஒரே காலையில் எனக்குச் சேர்த்துவிட்டார்.

அம்மாவுக்கு அப்போதுதான் ஆபீஸ் வேலை கிடைத்திருந்தது. இருவரும் தாம்பரத்தில் ரயில் ஏறிவிட்டால் என்னைப் பார்த்துக்கொள்ள வீட்டில் ஆளில்லை. நாலு வயதுகூட முடியாத என்னை அப்பா ஒன்றாம் வகுப்பில் சேர்க்கத் தூக்கிக்கொண்டு போனார். வலது கையைத் தலைக்கு மேலே கொண்டுபோய் இடது காதைத் தொட்டுவிட்டால் ஐந்து வயது ஆகிவிட்டது என்று கணக்கு. எனக்கு எட்டவில்லை. அப்பா என் தலையை மெல்லச் சாய்த்துப் பிடித்தார். விரல் காதில் பட்டது. தலைமையாசிரியர் சிரித்துக்கொண்டே ஜூன் ஒன்று என்று எழுதினார். அந்த வகுப்பில் பாதிப் பேருக்கு அதுதான் பிறந்தநாள்.

இதைத் தன் சாமர்த்தியம் என்றே அப்பா கடைசிவரை நினைத்திருந்தார். "ஒரு வருஷம் முன்னாடியே வேலைக்குப் போயிட்டல்ல?" என்பார். வேலையில் சேர்ந்த ஐந்து வருடத்துக்குள் தேதியைத் திருத்த மனுக் கொடுக்கலாம் என்றார்கள். இருபத்தைந்து வயதில் ஓய்வுபெறும் நாளைப் பற்றி யார் கவலைப்படுவார்கள்? நானும் படவில்லை.

கீழ்க்கட்டளைப் பக்கம் உதவிபெறும் பள்ளி ஒன்றில் நான் கணக்கு டீச்சர். பதிவேட்டின்படி இந்த மே மாதத்தோடு எனக்கு ஓய்வு. எங்கள் தலைமையாசிரியைக்கு அடுத்த மே மாதம். அவருக்கு அடுத்த சீனியர் நான்தான். உண்மையான தேதியை ஏற்றுக்கொண்டால் அடுத்த வருட ஆகஸ்ட் வரை எனக்கு வேலை இருக்கும்; அவருடைய நாற்காலியில் மூன்று மாதம் உட்காரலாம். மூன்று மாதத்துக்கா இந்த அலைச்சல் என்று ஸ்டாஃப் ரூமில் சிரித்தார்கள். சிரிக்கட்டும். எனக்கு அது வேண்டும். இத்தனை வருடம் சாக்பீஸ் தூளைத் தின்றவள் நான்.

நடையாய் நடந்து பிறப்புப் பதிவின் நகலை வாங்கினேன். பெயர் என்ற இடம் காலி. பெண் குழந்தை என்று மட்டும் இருந்தது, அப்பா அம்மா பெயரோடு. அந்தப் பெண் குழந்தை நான்தான் என்று நோட்டரி முன்னால் எழுதிக் கொடுத்தேன். லீவு போட்டுவிட்டு ஊரப்பாக்கம் வீட்டிலிருந்து கல்வி அலுவலகத்துக்கு நான்கு முறை போனேன். ஐந்து வருடக் கெடு முடிந்துவிட்டது என்றுதான் துரத்துவார்கள் என்று நினைத்து, அதற்கான பதிலை ரயிலிலேயே மனப்பாடம் செய்து வைத்திருந்தேன்.

அந்தக் கேள்வி வரவேயில்லை. அங்கிருந்த கண்காணிப்பாளர் நல்ல மனிதர், அதுதான் கொடுமை. என் காகிதங்களையெல்லாம் பொறுமையாகப் படித்தார். ஒரு துண்டுத்தாளில் ஏதோ கழித்துப் பார்த்தார்.

"மேடம், ஆகஸ்ட்தான் உண்மைன்னு நானே நம்பறேன். ஆனா அப்படிப் பாத்தா, பத்தாவது பரீட்சை எழுதறப்ப உங்களுக்குப் பதினாலு வயசே முடியல. அப்ப எழுதவே விட்டிருக்கக் கூடாது. அந்த சர்டிபிகேட்டே கேள்வியாயிடும். அப்புறம் டிகிரி, பி.எட்., இந்த வேலை… எல்லாத்தையும் நீங்களே கிளறிவிட்ட மாதிரி ஆயிடும். ஃபைலை மேல அனுப்பட்டுமா?"

கணக்கு டீச்சர் நான். இந்த ஒரு கழித்தலை நான் போட்டுப் பார்க்கவில்லை. அவமானமாக இருந்தது. செத்துப்போன அப்பா மேல் அந்த நிமிடம் வந்த கோபம் இன்னும் தீரவில்லை.

"வேணாம் சார்," என்றேன்.

"அப்ப ஒரு லெட்டர் மட்டும் குடுத்துடுங்க மேடம்."

அவர் சொல்லச் சொல்ல எழுதினேன். என் மனுவைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். பள்ளிப் பதிவேட்டில் உள்ள பிறந்த தேதியே சரியானது. வருங்காலத்தில் இதை மாற்றக் கோரமாட்டேன். கீழே கையெழுத்துப் போட்டேன். அதுவரை அது அப்பா சொன்ன பொய். அன்றிலிருந்து நான் சொன்னது.