உள்மூடி கண்டுபிடித்த யூன் தேசிக்

தேஜோன் நகரத்தில் முப்பத்திரண்டு வருஷம் தபால் போட்டு ஓய்வுபெற்ற யூன் தேசிக்குக்குச் சீட்டுக்கட்டு கிடையாது, சிகரெட் கிடையாது, ஆற்றங்கரையில் தூண்டில் போடுகிற வழக்கமும் கிடையாது. அவருக்கு இருந்த ஒரே கிறுக்கு, நாட்டில் உள்ள மற்ற யூன் தேசிக்குகளைத் தேடிக் கண்டுபிடிப்பதுதான்.

அந்தக் கிறுக்கைக் கொடுத்தது ராணுவம். இருபது வயதில் அவர் பேருக்குக் கட்டாயச் சேவைக்கான உத்தரவு வந்தது. அம்மா இரண்டு நாள் அழுதாள். அப்பா சொந்தக்காரர்களைக் கூப்பிட்டு விருந்து வைத்தார். பையன் மொட்டை அடித்துக்கொண்டு முகாம் வாசலில் போய் நின்றான். அங்கிருந்த குமாஸ்தா பிறந்த தேதியைப் பார்த்துவிட்டு, "நீ இல்லடா, இது வேற ஆளு. போ, உனக்கு அடுத்த வருஷம்" என்று விரட்டிவிட்டார். சேதி போய், அவர் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி இருந்த நிஜமான யூன் தேசிக் தலை நிறைய முடியோடு வேர்க்க விறுவிறுக்க ஓடிவந்தான். நம் ஆளின் மொட்டையைப் பார்த்து, "அடப்பாவி, எனக்காக நீ போட்டுக்கிட்டியா!" என்று சிரித்தான். இரண்டு பேரும் முகாம் வாசல் கடையில் நூடுல்ஸ் சாப்பிட்டுப் பிரிந்தார்கள்.

அப்புறம் தபால் வேலை. அவர் சுற்றிய தெருக்களிலேயே மூன்று யூன் தேசிக்குகள் இருந்தார்கள். ஒருத்தருடைய காதல் கடிதத்தை இன்னொருத்தர் மனைவி கையில் கொடுத்து, பல் தப்பியது தம்பிரான் புண்ணியம். அன்றைக்கு அவர் ஒரு முடிவுக்கு வந்தார். பேரை நம்பக் கூடாது, விலாசத்தைத்தான் நம்ப வேண்டும். மனுஷன் என்றால் விலாசம்தான். வேலையில் இருந்த கடைசி நாள்வரை இதை ஒரு சட்டம் மாதிரி வைத்திருந்தார்.

ஓய்வு பெற்றதும் மகள் பழைய கம்ப்யூட்டர் ஒன்றைக் கொடுத்தாள். போதாதா? அரசிதழ், நீதிமன்ற அறிவிப்பு, தேர்தல் வேட்பாளர் பட்டியல், பல்கலைக்கழக ஆய்வேடுகள், காப்புரிமைப் பதிவுகள் என்று ஒன்றை விடாமல் தன் பேரைப் போட்டுத் தேடினார். நாற்பத்தோரு யூன் தேசிக்குகள் கிடைத்தார்கள். நகரசபைத் தேர்தலில் நின்று கடைசியாக வந்தவர் ஒருவர். சிப்பி வளர்ப்பைப் பற்றி முந்நூறு பக்கம் எழுதியவர் ஒருவர். தீப்பிடித்த வீட்டிலிருந்து பக்கத்து வீட்டுக்காரியைத் தூக்கிவந்து பதக்கம் வாங்கியவர் ஒருவர். எல்லாருக்கும் எண் கொடுத்து, இணையத்தில் ஒரு பக்கம் திறந்து எழுதிவைத்தார். எண் ஒன்று அவரேதான்.

அவருக்கு ரொம்பப் பிடித்தவர் எண் பதினேழு. 1987ஆம் வருஷத்துக் காப்புரிமை. முட்டைக்கோஸ் ஊறுகாயான கிம்ச்சி வைக்கிற டப்பாவுக்குள் போட்டு அழுத்துகிற உள்மூடி, தூக்குவதற்கு மடக்குகிற கைப்பிடியோடு. கையால் வரைந்த அந்தப் படங்களைப் பார்த்தால் கண்ணில் ஒற்றிக்கொள்ளலாம், அத்தனை சுத்தம். விலாசம் சியோலில், பள்ளிக்கூடங்களுக்குப் பேர்போன தேச்சி வட்டாரத்தில் ஒரு அடுக்குமாடி வீடு.

அந்தப் படத்தை அச்செடுத்துச் சட்டைப் பையில் வைத்திருந்ததுதான் வினை. பொதுக் குளியல் வீட்டில் சட்டையைக் கழற்றும்போது காகிதம் கீழே விழ, மேங் என்கிற சிநேகிதர் எடுத்துப் படித்துவிட்டார். கண்டுபிடித்தவர் பெயர், யூன் தேசிக்! அவ்வளவுதான். மறுநாளிலிருந்து வெந்நீர்த் தொட்டிப் பக்கம் போனாலே, "டேய், வழி விடுங்கடா, விஞ்ஞானி வராரு!" என்று ஒரே கூத்து. நான்தான் என்று நம் ஆள் ஒருநாளும் சொன்னதில்லை. நான் இல்லை என்றும் சொல்லவில்லை. நான்கு வருஷம் அப்படியே ஓடியது. மனுஷனுக்கு அது உள்ளுக்குள் தித்தித்தது என்பதை எதற்கு மறைக்க வேண்டும்?

"குழாயில வாஷர் மாத்தத் தெரியாது, இவரு விஞ்ஞானியாம்" என்று மனைவி ஒக்பூன் மட்டும் முகவாயைத் தோளில் இடித்துக்கொள்வாள்.

நவம்பர் மாதம், வருஷத்துக் கிம்ச்சி போடுகிற சமயம். ஒக்பூன் முழங்கை வரைக்கும் மிளகாய் விழுதோடு முட்டைக்கோஸ் இலைகளைப் பிரித்துத் தடவிக்கொண்டிருந்தபோது வாசல் மணி அடித்தது. நாற்பத்தைந்து வயது மதிக்கத்தக்க ஒரு பெண் நின்றாள். சியோலுக்குப் பக்கத்தில் இருக்கிற பூச்சோனிலிருந்து வருவதாகச் சொன்னாள். பெயர் ஹேரான். இணையத்தில் அவருடைய பக்கத்தைப் பார்த்து, கடிதம் எழுதிக் கேட்டு, வந்திருந்தாள்.

உட்கார்ந்ததும் அந்தக் காப்புரிமைக் காகிதத்தை எடுத்து நீட்டினாள். "ஐயா, ஒண்ணே ஒண்ணு கேட்டுக்கறேன். இந்த மூடி நீங்க கண்டுபிடிச்சதா?"

நம் ஆள் காகிதத்தைப் பார்த்தார். கூரையைப் பார்த்தார். நான்கு வருஷத்து விஞ்ஞானிப் பட்டம் கண் முன்னால் வந்து நின்றது.

"சொல்லுங்களேன், வாயில என்ன கொழுக்கட்டையா?" என்று சமையலறையிலிருந்து குரல் வந்தது.

"நான் இல்லம்மா" என்றார். "நானா இருந்தா நல்லாத்தான் இருந்திருக்கும். நான் வெறும் தபால்காரன்."

அவள் நிம்மதியாக மூச்சு விட்டாள். "எங்கப்பா பேரும் யூன் தேசிக்தான் ஐயா. பிளாஸ்டிக் அச்சுப் பட்டறையில லேத் ஓட்டினவரு. இந்த மூடியை நான்தான் பண்ணேன்னு நாங்க சின்னப் புள்ளையா இருந்ததுலேர்ந்து சொல்லிட்டிருக்காரு. வர ஞாயித்துக்கிழமை அவருக்கு எண்பது நிறைஞ்ச விருந்து. அண்ணன்தான் அப்பாவோட வாழ்க்கைய எழுதி எல்லார் முன்னாடியும் படிக்கப் போறான். மூடியைப் பத்தி எழுதுன்னா, மாட்டேங்கிறான்."

"ஏன்?"

"அவன் வாத்தியார் ஐயா. பொய்யைப் படிக்க மாட்டானாம். 'தேச்சியில அடுக்குமாடி வீட்டுல இருந்தவன் எவனோ பணக்கார யூன் தேசிக். அவன் பேரைப் பார்த்துட்டு நம்ம அப்பா கதை விடறாரு'ங்கிறான். நான் பொறக்கறதுக்கு முன்னாடிலேர்ந்து நாங்க பூச்சோன்ல அதே சந்துலதான் இருக்கோம். அப்பா கிட்ட, ஏம்ப்பா விலாசம் தேச்சின்னு போட்டிருக்குன்னு கேட்டா, மூஞ்சியைச் சுவத்துப் பக்கம் திருப்பிக்கிறாரு." அவள் குரல் உடைந்தது. "அப்பா பொய்தான் சொல்றாரோன்னு எனக்கே தோண ஆரம்பிச்சிருச்சு ஐயா. அதைத்தான் என்னால தாங்க முடியல."

யூன் தேசிக்குக்கு மனசு என்னமோ செய்தது. நான்கு வருஷமாக வெந்நீரில் ஊறிக்கொண்டே தான் அனுபவித்த பேர், எங்கேயோ ஒரு கிழவருக்குச் சொந்த வீட்டிலேயே கிடைக்காமல் இருந்திருக்கிறது.

"அப்பாவோட குடியிருப்புப் பதிவு எடுத்துப் பாத்தீங்களா?"

"எடுத்தேன் ஐயா. பூச்சோன் விலாசம் மட்டும்தான் இருந்துச்சு."

"பழைய விலாசமெல்லாம் சேத்துப் போடச் சொல்லிக் கேட்டீங்களா?"

அவள் விழித்தாள். "அதுக்கு வேற கேக்கணுமா? நாங்கதான் வீடே மாறலியே."

"அட ராமா!" என்று தொடையில் தட்டிக்கொண்டு எழுந்தார். "கேக்கலேன்னா இப்ப இருக்கிற விலாசத்தை மட்டும் அடிச்சுக் குடுத்துருவாங்கம்மா. படிவத்துல அதுக்குன்னு ஒரு கட்டம் இருக்கு. கிளம்புங்க, எந்த ஊர் அலுவலகத்துலயும் குடுப்பாங்க."

ஒக்பூன் கையைக் கழுவிக்கொண்டு, "நானும் வரேன், இருங்க" என்றாள். கிம்ச்சியைப் பாதியில் விட்டுவிட்டு அவள் எழுந்தது கல்யாணமான இத்தனை வருஷத்தில் அதுதான் முதல் தடவை.

வட்டார அலுவலகத்தில் இருந்த சின்னப் பெண் ஹேரானின் அடையாள அட்டையையும் உறவையும் சரிபார்த்துவிட்டு, "விலாச மாற்றம் எல்லாமேவா?" என்று கேட்டாள்.

"பதிவு தொடங்கின நாள்லேர்ந்து. ஒண்ணு விடாம" என்று ஹேரானுக்கு முன்னால் தபால்காரர் சொன்னார்.

இரண்டு பக்கம் வந்தது. அவர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு, விரலை வைத்து வரி வரியாக இறங்கினார். ஏதோ ஒரு கிராமம். பூச்சோன். மறுபடி பூச்சோன். விரல் நின்றது. 1986 அக்டோபர், சியோல், தேச்சி, ஏழாம் கட்டடம், 304ஆம் வீடு. குடும்பத் தலைவர் ஜாங் கில்ஜா. அவருக்கு என்ன உறவு என்ற இடத்தில், உடன் தங்குபவர். 1990 பிப்ரவரியில் திரும்பவும் பூச்சோன்.

காப்புரிமைக் காகிதத்தைப் பக்கத்தில் வைத்தார்கள். கட்டட எண், வீட்டு எண், எல்லாம் அச்சு அசல் ஒன்றாக இருந்தது.

"ஜாங் கில்ஜாவா?" ஹேரான் வாயில் கையை வைத்துக்கொண்டாள். "அது எங்க பெரியம்மா! ஆனா அப்பா அங்க ஒருநாள்கூடத் தங்கினதில்லயே. தினமும் ராத்திரி எங்களோடதான சாப்பிடுவாரு!"

"உங்க அண்ணன் எந்த ஊர்ல படிச்சாரும்மா?"

"அவன் உயர்நிலைப் பள்ளி மூணு வருஷமும் பெரியம்மா வீட்ல தங்கி..." அவள் காகிதத்தை வாங்கி அந்தத் தேதிகளை மறுபடி பார்த்தாள்.

தபால்காரர் மெதுவாகத் தலையாட்டினார். "நானும் நல்ல பள்ளிக்கூடம் இருக்கிற தெருவுல தபால் போட்டிருக்கேன்மா. இலையுதிர்காலம் வந்தா ஒரே தபால் பெட்டியில அஞ்சு குடும்பத்துப் பேரு இருக்கும். கதவைத் தட்டினா ஒரு குடும்பம்தான் இருக்கும். அந்த அஞ்சு பேருக்கும் பள்ளிக்கூடம் மாத்தற வயசுல ஒரு புள்ள இருப்பான். அப்பனும் அங்க குடி இருந்தாத்தான புள்ளையச் சேத்துக்குவாங்க? அதான் காகிதத்துல குடி போயிருக்காரு. அப்ப காப்புரிமைக்கு விண்ணப்பம் போட்டா, அடையாள அட்டையில இருக்கிற விலாசத்தைத்தான எழுதணும்?"

விலாசத்தை நம்பு என்று முப்பத்திரண்டு வருஷம் பிரசங்கம் பண்ணினவர் வாயிலிருந்தே இது வந்தது. ஒக்பூன் அவரைப் பார்த்த பார்வையை அவர் கவனிக்காத மாதிரி இருந்துகொண்டார்.

ஹேரான் அங்கேயே நின்று அண்ணனுக்குப் போன் போட்டாள். பேர் ஜெஹோ. பள்ளி இடைவேளையில் எடுத்தான்.

"மறுபடியும் மூடிக் கதையா? ஹேரான், அது வேற யூன் தேசிக்னு எத்தனை தடவை சொல்றது?"

"அண்ணா, அந்த விலாசம் பெரியம்மா வீடு. உன்னை ஸ்கூல்ல சேக்கறதுக்காக அப்பா தன் பேரை அங்க மாத்தியிருக்காரு. பதிவு என் கையில இருக்கு. நீ வாத்தியாரா இருக்க, திருட்டு விலாசத்துல படிச்சவன்னு உன்னை யாரும் சொல்லிரக் கூடாதேன்னுதான் இத்தனை வருஷமா வாயைத் திறக்கல. நீ அவரைப் பொய்யன்னு சொன்னப்பகூடத் திறக்கல."

மறுமுனையில் பள்ளிக்கூடப் பிள்ளைகளின் இரைச்சல் மட்டும் கேட்டது.

"அண்ணா? இருக்கியா?"

"மணி அடிச்சிருச்சு" என்று சொல்லிவிட்டுப் போனை வைத்துவிட்டான்.

எழுதுவானா, மாட்டானா என்று தெரியாமலே ஹேரான் ரயிலேறினாள். ஏறும்போது, ஞாயிற்றுக்கிழமை இரண்டு பேரும் கட்டாயம் வரவேண்டும் என்று ஒக்பூனின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

சனிக்கிழமை காலையில் குளியல் வீட்டில் மேங் வழக்கம்போல, "விஞ்ஞானி வராரு!" என்று குரல் கொடுத்தார். "நான் இல்லய்யா, அது பூச்சோன்காரர்" என்று யூன் தேசிக் தொட்டியில் இறங்கிக்கொண்டே சொன்னார். "நாளைக்கு அவர் வீட்டு விருந்துக்குத்தான் போறேன்." மேங் வாயைப் பிளந்தார். அப்புறம், "இதைச் சொல்ல நாலு வருஷமாய்யா உனக்கு?" என்று அவர் தலையில் ஒரு வாளி தண்ணீரைக் கொட்டினார். அத்தோடு அது தீர்ந்தது. சொல்லப்போனால் உடம்பு லேசாக இருந்தது.

ஞாயிறன்று பூச்சோனில் ஒரு உணவு விடுதியின் மாடி. பழங்களையும் அரிசிக் கேக்குகளையும் அடுக்கிவைத்த மேஜைக்குப் பின்னால், பட்டு உடுப்பில் கிழவர் ஒடுங்கி உட்கார்ந்திருந்தார். ஒக்பூன் புதுக் கிம்ச்சி ஒரு டப்பா கொண்டுபோயிருந்தாள். ஜெஹோ மைக்கைப் பிடித்துக்கொண்டு எழுந்தான். பிறந்தது, போர்க்காலத்தில் அகதியாக வந்தது, லேத் கற்றது, கல்யாணம் பண்ணியது. ஹேரான் ஒக்பூனின் கையை நெரித்துக்கொண்டிருந்தாள்.

"1986ஆம் வருஷம்..." ஜெஹோ நிறுத்தினான். தொண்டையைச் செருமிக்கொண்டான். "1986ஆம் வருஷம், என்னை நல்ல பள்ளிக்கூடத்தில் சேர்ப்பதற்காக, அப்பா தன் விலாசத்தைத் தேச்சிக்கு..."

"டேய்! டேய்!" கிழவர் மேஜையைப் பிடித்துக்கொண்டு எழுந்துவிட்டார். "அதை எதுக்குடா படிக்கிற? மூளை கெட்டுப்போச்சா? வாத்தியார் வேலை போயிரும்டா!"

"போகாதுப்பா. உக்காருங்க."

"நிறுத்துடா அதை!"

ஜெஹோ நிறுத்தவில்லை. அழுதுகொண்டே படித்தான். "அடுத்த வருஷம், அந்த விலாசத்தில், எங்க அப்பா யூன் தேசிக் கிம்ச்சி டப்பாவுக்கு உள்மூடி கண்டுபிடித்தார்." காப்புரிமை எண்ணை ஒவ்வொரு இலக்கமாக வாசித்தான். காகிதத்தை மடித்து வைத்துவிட்டு, அப்பா முன்னால் தரையில் நெற்றி பட விழுந்து கும்பிட்டான். எழுந்திருக்க ரொம்ப நேரம் ஆயிற்று.

கிழவர் சுற்றிலும் இருந்த நாற்பது முகங்களையும் ஒரு தடவை பார்த்தார். இனி மறைக்க ஒன்றும் இல்லை என்று தெரிந்துவிட்டது.

"விலாசம் பொய்தான்" என்றார். "மூடி நான் பண்ணதுதான்."

கூடம் முழுக்கக் கைதட்டியது. தபால்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டு முன்னால் போய்க் குனிந்து வணங்கினார். "ஐயா, என் பேரும் யூன் தேசிக்தான். நீங்க பண்ண மூடிக்கு நாலு வருஷமா நான் பேர் வாங்கிட்டிருந்தேன். மன்னிச்சுக்கணும்."

கிழவருக்கு எவ்வளவு புரிந்ததோ தெரியாது. ஒக்பூன் கொண்டுவந்த டப்பாவைத் தன் பக்கம் இழுத்துத் திறந்து, உள்மூடியை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"இது என்னுது இல்ல" என்றார். "என்னுதுல கைப்பிடி மடங்கும். டேய் ஜெஹோ, வீட்டுக்குப் போய் நம்ம மூடியை எடுத்துட்டு வா, இவங்களுக்குக் காட்டணும்."

ஜெஹோ ஐம்பத்திரண்டு வயசை மறந்து, செருப்பைக்கூடச் சரியாக மாட்டாமல் படியிறங்கி ஓடினான்.