மாமாவின் முழங்கை

என் மாமா சம்பளத்துக்கு சைக்கிள் ஓட்டியவர். இதைச் சொன்னால் செஞ்சியில் இன்றைக்கும் சிலர், தபால்காரரா என்று கேட்பார்கள். இல்லை. மலேசியாவில் ஒரு பந்தய அணிக்காக, பெரிய பெரிய சாலைப் பந்தயங்களில் ஓட்டினார். ஒருமுறை விழுந்து இடுப்பெலும்பு முறிந்தபின், ஓட்டியது போதும் என்று தன் அக்காவான என் அம்மாவிடமே வந்து சேர்ந்தார். நான் அப்போது நான்காம் வகுப்பு.

வந்த நாளிலிருந்து அப்பா அவரை விடவில்லை. அப்பாவை நாங்கள் நைனா என்போம்.

"இத்தன வருசத்துல ஒரு தபாவாச்சும் மொதல்ல வந்துக்கிறியா மச்சான்?"

"இல்ல மாமா. என் வேல காத்த ஒடைக்கிறது."

அணியில் ஜெயிக்க வேண்டியவர் ஒருவர் இருப்பார். அவருக்கு முன்னால் போய் எதிர்க்காற்றையெல்லாம் தன் நெஞ்சில் வாங்கிக்கொள்வதுதான் மாமாவின் உத்தியோகம். முடிவுக்கோடு கண்ணுக்குத் தெரிந்ததும் முழங்கையை லேசாக அசைத்துவிட்டு ஓரம் ஒதுங்கிவிட வேண்டும். அதுவரை பின்னால் சொகுசாக வந்தவர் பாய்ந்து போய்க் கோப்பையை வாங்கிக்கொள்வார்.

நைனா சோற்றைப் பிசைந்துகொண்டே சிரித்தார். "காத்த ஒடைக்க சம்பளமா? நம்மூர்ல பனமரம் சும்மாவே ஒடைக்குது."

எனக்கும் அது ஒரு வேலையாகப் படவில்லை. மாமாவின் போனில் இருந்த பந்தய வீடியோக்களில் ரப்பர் தோட்டங்களுக்கு நடுவே அவர்தான் முன்னால் போவார். முடிவு வரும்போது ஆளையே காணோம். படம் எடுத்தவர்கள்தான் ஏதோ வஞ்சனை செய்கிறார்கள் என்று நம்பினேன். அவர்கள்மேல் எனக்கு நிஜமான கோபம் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை விடிந்ததும் நானும் என் சின்ன சைக்கிளில் அவரோடு கிளம்பிவிடுவேன். "என் பின் டயர மட்டும் பாத்துக்கினு வா" என்பார். நான் டயரைப் பார்த்ததை விட மலையைப் பார்த்ததுதான் அதிகம். பனி மூட்டத்தில் ராஜகிரியின் அடிவாரம் கரைந்துபோய், கோட்டை மட்டும் வானத்தில் தனியாக நிற்கும். நாங்கள் போகப் போக அதுவும் கூடவே நகர்ந்து வரும். மிதிக்கிறேனா இல்லையா என்றே தெரியாது. பாதித் தூக்கத்தில் யாரோ என்னைத் தூக்கிக்கொண்டு போவது மாதிரி இருக்கும். அவ்வளவு சுகம் அதன்பிறகு எந்த வண்டியிலும் எனக்கு வாய்க்கவில்லை.

எங்கள் வீடு டவுனைத் தாண்டி சேத்துப்பட்டு சாலையில் இருந்தது. தெருமுனை வந்ததும் மாமாவின் வலது முழங்கை ஒருமுறை ஆடும், அவர் ஒதுங்குவார், நான் பறப்பேன். வீட்டுவாசலை முதலில் தொடுவது எப்போதும் நான்தான். மலேசியாவில் ஓட்டியவரையே ஜெயிக்கிறேன் என்று வகுப்பில் பெருமை வேறு அடித்துக்கொண்டேன்.

அந்தப் பொங்கலுக்கு இளைஞர் மன்றத்தார் சைக்கிள் பந்தயம் வைத்தார்கள். கூட்டுரோட்டில் கிளம்பி அனந்தபுரம் வரை போய்த் திரும்ப வேண்டும். முதல் பரிசு எவர்சில்வர் அண்டா, இரண்டாம் பரிசு குடம். நைனாவே போய் மாமாவின் பெயரைக் கொடுத்துவிட்டு வந்தார்.

"மொதல்ல வந்து காட்டு. அப்புறம் உன் சைக்கிளப் பத்தி நான் வாயே தொறக்கல."

மாமா சிரித்தார். ஆனால் அன்று சாயங்காலம் முழுக்க உட்கார்ந்து செயினைத் துடைத்துக்கொண்டே இருந்தார். இந்த ஒரு தடவை ஜெயித்துவிட்டால் போதும், வீட்டில் அவர் தலைநிமிர்ந்து சாப்பிடலாம் என்று எனக்கே தெரிந்தது. அம்மா ஆரத்தி கரைத்துக் கையோடு கொண்டுவந்து முடிவுக்கோட்டில் நின்றாள்.

காலைப் பனியில் சாலை வெள்ளையாக இருந்தது. திரும்பி வருகிறவர்களுக்கு வாடைக்காற்று நேர் எதிரில். ஒலிபெருக்கியில் பாட்டை நிறுத்தி, "வர்றாங்க, வர்றாங்க" என்றார்கள். பனிக்குள்ளிருந்து முதலில் மாமாதான் வந்தார். அதே குனிந்த முதுகு. அவருக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டு பழைய சைக்கிள் ஒன்றில் தளவானூர்ப் பையன் ஒருவன், காலேஜ் படிக்கிறவன். மற்றவர்கள் கண்ணுக்கெட்டிய தூரத்தில் இல்லை. நைனாவே கைதட்டத் தொடங்கிவிட்டார்.

கோடு தெரிந்தது. மாமாவின் வலது முழங்கை ஆடியது. அவர் ஒதுங்கினார்.

தளவானூர்ப் பையன் கோட்டைத் தாண்டிய பிறகும் தான் ஜெயித்ததை நம்பாமல் திரும்பித் திரும்பிப் பார்த்தான். இறங்கி நேராக மாமாவிடம் வந்தான்.

"இன்னாண்ணா, ஏன் ஒதுங்கிட்டீங்க?"

மாமா தன் கையையே வேறு யாருடையதோ போலப் பார்த்தார். "கோட்டப் பாத்ததும் கை தானா போயிடுச்சிப்பா." பிறகு மெதுவாகக் கேட்டார். "வர்ற வழியில காத்து அடிச்சுதா உனக்கு?"

பையன் யோசித்தான். "இல்லண்ணா. கொஞ்சங்கூட அடிக்கல."

மாமாவின் முகம் மலர்ந்துபோனது. தோற்றவர் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. நைனா வண்டியைக் கிளப்பிக்கொண்டு போனார். அம்மா ஆரத்தித் தட்டோடு எந்தப் பக்கம் திரும்புவது என்று தெரியாமல் நின்றாள். எனக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது.

குடத்தைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு, "வா, பின்னாடியே வா" என்று மாமா கூப்பிட்டார். நான் போகவில்லை. அவரோடு டூ விட்டிருந்தேன். அவருக்கு முன்னால் என் சின்ன சைக்கிளைத் தனியாக மிதித்துக்கொண்டு கிளம்பினேன்.

டவுனைத் தாண்டியதும் காற்று என் நெஞ்சில் கை வைத்துத் தள்ளியது. கண்ணில் நீர் தெறித்தது. கால்கள் நகர மறுத்தன. இத்தனை நாளாக இதே சாலையில் இல்லாத காற்று, இன்றைக்கென்று பார்த்து எங்கிருந்து வந்தது என்று அதன்மேலும் எனக்குக் கோபம்.

பின்னால் குடம் கடகடவென்று அதிரும் சத்தம் கேட்டது. சத்தம் நெருங்கி, என்னைக் கடந்து, முன்னால் போய் ஒரே சீராகக் கேட்டது. நான் வீம்புக்கு நிமிர்ந்து பார்க்கவில்லை. கண்ணுக்கு முன்னால் பின் டயர் ஒன்று மட்டும் சுற்றியது. கால்கள் லேசாயின. தூரத்தில் ராஜகிரி மறுபடியும் எங்களோடு நகரத் தொடங்கியது.

நல்லவேளை, காற்று நின்றுவிட்டது என்று நினைத்துக்கொண்டேன்.