பத்து நாளும் ஒரு சூட்டுக்களமும்

நெடுங்கேணிப் பக்கத்தில் இரஞ்சிதத்தை வாய்க்காரி என்பார்கள். வாய் இல்லாவிட்டால் அவளை எப்போதோ விழுங்கி ஏப்பம் விட்டிருப்பார்கள். கலியாணமாகிச் சில வருடத்திலேயே புருசன் பாம்பு கடித்துச் செத்துப்போனான். பிள்ளைகள் இல்லை. தகப்பன் சீதனமாகக் கொடுத்த குளத்தடி வயல்தான் அவளுக்கு எல்லாம். அதை வைத்து ஒருவரிடமும் கையேந்தாமல் சீவித்தாள். புருசனின் ஒன்றுவிட்ட தமையன் நடராசாவுக்கு அது பொறுக்கவில்லை. பழைய காணி உறுதிப் பத்திரம் ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்து, வயல் தன்னுடையது என்று வழக்கு வைத்தான்.

வவுனியாக் கோட்டில் வழக்கு ஆறு வருடம் இழுபட்டது. நீதிபதி மாறினார், வழக்கு தள்ளிப்போய் இன்னொரு தவணை. காணி அளந்தவர் வரவில்லை, தவணை. நடராசாவுக்காக வாதாடிய அப்புக்காத்துக்குக் காய்ச்சல், அதற்கும் தவணை. ஒவ்வொரு தவணைக்கும் இரஞ்சிதத்தின் தமையன் வீரகத்திதான் வெளுத்த வேட்டியுடன் பஸ் ஏறினார். கோடு கச்சேரிக்குப் பெண் பிள்ளை அலையக்கூடாது என்பது அவர் கட்சி. சாட்சி சொன்ன ஒரு நாளைத் தவிர அவள் அந்தப் படி மிதித்ததில்லை.

ஐம்பத்தெட்டாம் ஆண்டு மாசியில் தீர்ப்பு வந்தது. வயல் நடராசாவுக்கு. ஆனால் அவளுக்காக வழக்குப் பேசிய பிரக்கிராசி தில்லைநாதன் நம்பிக்கையை விடவில்லை. காணி அளந்தவரின் சாட்சியத்தை நீதிபதி கவனிக்கவேயில்லை, அப்பீல் போட்டால் வெல்லலாம் என்றார்.

"பத்து நாளுக்குள்ள மனு கோட்டில இருக்கவேணும், வீரகத்தி. அப்பீலுக்குக் கட்டுற பிணைக்காசோட வந்திடுங்கோ. பிந்தினால் என்னை ஏசக்கூடாது."

பிணைக்காசு இரஞ்சிதத்தின் பெட்டியில் இருந்தது. வீரகத்திதான் இருக்கவேண்டிய இடத்தில் இல்லை. அவர் சூட்டுக்களத்தில் இருந்தார். அதே வயலின் நெல்லை வெட்டிக் களத்தில் சூடாகக் குவித்தாயிற்று, இனி மாடு விட்டு மிதித்து நெல்லைப் பிரிக்கவேண்டும். களத்தில் கால் வைத்தவர், மிதித்தெடுத்த நெல்லான பொலியை அளந்து மூட்டை கட்டும்வரை வெளியே போகக்கூடாது, போனால் பூதம் பொலியை வாரிக்கொண்டு போய்விடும். அவர் அப்படித்தான் பழகியவர். இரவல் மாடுகள் வரச் சுணங்கின. வந்த பிறகு பருவம் தப்பிய மழை கொட்டியது. நனைந்த சூட்டைப் பிரித்துக் காயவைத்தார்கள். கோட்டு நாட்கள் மழைக்காக நிற்குமா?

பெண்கள் களத்துக்குள் போகக்கூடாது. இரஞ்சிதம் வரம்பில் நின்று கத்தினாள்.

"அண்ணை, நாள் முடியப்போகுது! வவுனியாவுக்குப் போங்கோ!"

வீரகத்திக்கு முகம் கறுத்துப்போனது. முடியுது, இல்லை, போதும் என்ற சொற்களெல்லாம் களத்தில் விலக்கு.

"களத்தடியில என்ன கதை கதைக்கிறாய்? வாயைப் பொத்திக்கொண்டு வீட்டை போ, பிள்ளை!"

இந்த மனிதனுக்கு எப்படித்தான் சொல்வது? நாள் முடிகிறது என்பதை அந்தச் சொல் இல்லாமல் எந்தச் சொல்லால் சொல்வது? அடுத்த நாளும் வந்து நின்றாள். "காசு பெட்டியில கிடக்கு" என்றாள். "கிடக்கட்டும்" என்றார். தலையிலே அடித்துக்கொண்டு திரும்பினாள். தானே போனால் என்ன என்றும் நினைத்தாள். அண்ணை நடத்திய வழக்கு, தன்னை அங்கே யார் மதிப்பார்கள் என்று விட்டுவிட்டாள்.

பொலி அளந்து மூட்டை கட்டியதும் வீரகத்தி குளித்து, திருநீறு பூசி, வேட்டி கட்டினார். இந்த முறை இரஞ்சிதமும் விடாமல் பஸ் ஏறினாள். மனுப் போடும் நாள் முந்தாநாளே போய்விட்டிருந்தது. தில்லைநாதன் மனுவைக் கொண்டுபோய் நீட்டத்தான் செய்தார். நீதிபதி திகதியைப் பார்த்தார், ஏற்கமுடியாது என்றார். சட்டம் போட்ட நாளைக் கூட்ட அவருக்கு அதிகாரம் இல்லையாம்.

இரஞ்சிதத்துக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வெளியே வந்ததும் வெடித்தாள்.

"ஆறு வருசம் இவையள் எங்களை இழுத்தடிக்கலாம். நாங்கள் ரண்டு நாள் பிந்தக்கூடாதோ? மற்றப் பக்கத்து ஐயாவுக்குக் காய்ச்சல் எண்டால் தவணை, எங்களுக்கு மழையெண்டால் இல்லையோ?"

"அது வழக்கு நடக்கிற தவணை, அம்மா. கோடு விரும்பினால் குடுக்கும். இது சட்டத்தின்ர நாள். கொழும்புச் சுப்பிறீம் கோட்டுக்குப் போனாலும் ஏன் பிந்தினது எண்டுதான் கேப்பினம். களத்தை விட்டு வரேலாது எண்டு நான் என்னெண்டு எழுதுறது?" பிரக்கிராசிக்கும் எரிச்சல்தான். பிறகு அவளைப் பார்த்துக் கேட்டார்: "வழக்கு உங்கட பேரில. காசும் உங்கட கையில. நீங்களே வந்திருக்கலாமே, அம்மா?"

இவ்வளவு காலமும் இதை ஒருவரும் சொல்லவில்லையே என்று இரஞ்சிதத்துக்குக் கோபம் வந்தது. கேட்காமல் இருந்த தன்மீதும் ஆத்திரம் வந்தது.

திரும்பும் பஸ் புளியங்குளம் தாண்டியதும் வீரகத்தி தங்கச்சியைத் தேற்ற நினைத்து மெல்லச் சொன்னார்.

"பொலி நல்லாக் கண்டது, பிள்ளை. விதைநெல்லுக்கும் திறமானதாப் பாத்து ஒதுக்கி வைச்சிருக்கிறன்."

இரஞ்சிதம் திரும்பி அவரைப் பார்த்தாள்.

"எந்த வயலில விதைக்க, அண்ணை?"