பாலம் வரைக்கும்தான்

பஸ்ஸில் முன்சீட்டுக் குழந்தை எதையாவது கையில் வைத்து அழுத்திக்கொண்டிருக்கும்போது, கொசு பாடுவது மாதிரி சன்னமாக ஓர் இசை வரும் பாருங்கள், அதைக் கேட்டால் போதும், நான் இறங்க வேண்டிய இடத்தை விட்டுவிடுவேன். மனசு நேரே நெய்வேலிக்குப் போய்விடும். டவுன்ஷிப்பில் எங்கள் க்வார்ட்டர்ஸ், மத்தியான வெயில், செம்பருத்தி வேலி, கொடியில் காயும் யூனிஃபார்ம், ஜன்னலோரம் உட்கார்ந்து உள்ளங்கை அகலத் திரையையே பார்த்துக்கொண்டிருக்கும் நான். இரண்டாயிரத்துப் பதினைந்து, பதினாறு வாக்கில் நடந்தது. என் வீட்டுக்காரர் சுரங்கத்தில் ரிட்டயர் ஆவதற்கு முந்தைய கடைசி மாதங்கள் அவை.

அந்த விளையாட்டுச் சாமான் என் மகனுடையது. சாம்பல் நிறம், சோப்புப் பெட்டி அளவு. பள்ளிக்கூடத்தில் கூடப் படித்த பையன் ஒருவனின் மாமா சிங்கப்பூரிலிருந்து கொண்டுவந்து, அந்தப் பையனுக்கு அலுத்துப்போய், என் மகன் கைக்கு வந்தது. பென்சில் பேட்டரி இரண்டு போட்டால் உயிர் வரும். எல்லார் கையிலும் செல்போன் வந்துவிட்ட காலத்தில் அதை யாரும் சீண்டமாட்டார்கள். அவன் போகும்போது அதைப் பரண்மேல் போட்டுவிட்டுப் போயிருந்தான்.

போனான் என்றால், கோபித்துக்கொண்டு போனான். அவனுக்கு அப்ரண்டிஸ் ட்ரெயினிங்குக்குக் கூப்பிட்டிருந்தார்கள். அது கிடைத்தால் பின்னால் ஒருநாள் பெர்மனன்ட் ஆகலாம் என்று அப்பா எத்தனையோ வருஷமாகக் கண்ட கனவு. சட்டையெல்லாம் அயர்ன் பண்ணி வைத்திருந்தார். இவன் அன்றைக்குப் பெங்களூர் பஸ் ஏறுகிறேன் என்றான். அங்கே யாரோ நண்பன் கம்ப்யூட்டர் வேலை பார்த்து வைத்திருக்கிறானாம். பேச்சு வளர்ந்தது. "இனிமே உனக்கு இந்த க்வார்ட்டர்ஸ்ல எடம் கெடையாது" என்றார் இவர். "இது உங்க க்வார்ட்டர்ஸ் இல்லப்பா, கம்பெனி க்வார்ட்டர்ஸ்" என்றான் அவன். அதற்குப் பிறகு அப்பாவும் பிள்ளையும் ஒரு வார்த்தை பேசிக்கொள்ளவில்லை.

என்னோடு மட்டும் பேசுவான். அதிலும் ஒரு கணக்கு இருந்தது. இவருடைய ஷிஃப்ட் அவனுக்கு மனப்பாடம். சுரங்கத்து ஆட்கள் வீட்டில் வளர்ந்த பிள்ளைகளுக்கு வாய்ப்பாடு தெரிகிறதோ இல்லையோ, அது தெரியும். எந்த வாரம் அப்பா பகலில் தூங்குவார், எந்த வாரம் வாசலில் பந்து விளையாடக் கூடாது என்று. பெங்களூரில் உட்கார்ந்துகொண்டே எண்ணி வைத்திருந்து, ஷிஃப்ட் பஸ் தெருமுனை திரும்பியிருக்கும் என்று தெரிந்த பிறகுதான் போன் அடிப்பான். இவருக்கு இதெல்லாம் தெரியாது என்றுதான் நான் நினைத்திருந்தேன்.

ரிட்டயர் ஆனால் வீட்டைக் காலி பண்ண வேண்டும் என்று பரணை ஒழித்தபோது அந்த விளையாட்டுச் சாமான் அகப்பட்டது. சுவர்க் கடிகாரத்திலிருந்து ஒன்றும் டார்ச்சிலிருந்து ஒன்றுமாகப் பேட்டரி எடுத்துப் போட்டேன். கொசு பாடியது. திரையில் இரண்டு வரி. மேல்வரி, விட்ட இடத்திலிருந்து தொடர்வதற்கு. பக்கத்தில் இங்கிலீஷ் எழுத்தில் என் மகன் பேர். கீழ்வரி, புது ஆட்டம்.

மேல்வரியைத் தொடக் கை வரவில்லை. அவன் மடித்து வைத்த சட்டை மாதிரி இருந்தது அது. கலைத்துவிடுவேனோ என்று பயம். கீழ்வரியை அழுத்தினேன். பேர் கேட்டது, அவன் பேரையே போட்டேன். ஒரு சின்ன வீடு. கட்டிலில் ஒரு பையன் தூங்குகிறான். அவன் அம்மா வந்து எழுந்திரு, பொழுது விடிந்துவிட்டது என்கிறாள். அவ்வளவுதான், நான் மாட்டிக்கொண்டேன்.

பையன் எழுந்து ஊரைச் சுற்றுவான். கத்தி வாங்குவான். காட்டில் பூச்சியோடும் பாம்போடும் சண்டை போட்டு பலம் ஏற்றிக்கொள்வான். ஊர் எல்லையில் ஆறு, ஆற்றின் மேல் பாலம். பாலத்தில் ஒரு கிழவர், "திரும்பிப் போ" என்பார். ஒருவர் போ என்றால் போய்விடுவதுதான் நான் பழகிய பழக்கம். திரும்பி வந்துவிடுவேன்.

ஒருநாள் சத்திரத்தில் போய்ப் படுத்தால் ஆட்டத்தைச் சேவ் பண்ணலாம் என்று கண்டுபிடித்தேன். உடனே அது ஒன்று கேட்டது. ஏற்கனவே ஓர் ஆட்டம் இருக்கிறது, அதை அழித்துவிட்டு இதை எழுதவா? அந்தச் சாமான் ஒரே ஓர் ஆட்டத்தைத்தான் ஞாபகம் வைத்துக்கொள்ளுமாம். எழுத்துக்கூட்டி இரண்டாம் தரம் படித்தபோதுதான் புரிந்தது. வேண்டாம் என்று அழுத்திவிட்டு அப்படியே அணைத்தேன். அடுப்பில் பால் பொங்கி வழிந்துகொண்டிருந்தது.

அதற்குப் பிறகு தினமும் இதுதான். மத்தியானம் வேலையெல்லாம் முடிந்ததும் புது ஆட்டம். அம்மா எழுப்புவாள், பையன் எழுந்திருப்பான், பாலம் வரைக்கும் போவான். நான் அணைத்துவிடுவேன். மறுநாள் அதே கட்டில், அதே விடியல். மகனிடம் சொல்லவில்லை. சொன்னால் சிரித்துவிட்டு "அத அழிச்சிடும்மா" என்பான். அந்த வார்த்தை அவன் வாயிலிருந்து வரக் கூடாது என்றிருந்தது எனக்கு.

இவர் மட்டும் பார்த்துக்கொண்டே இருந்தார். சொந்த ஊர் முத்தாண்டிக்குப்பம் பக்கம்; எந்த ஊர்க்காரர்களோடு வேலை பார்த்தாலும் பேச்சு மாறவில்லை.

"ஷிஃப்ட்டுக்குப் போறவன் வூட்ல கடிகாரம் ஓடல. கேட்டா பேட்டரி கேமுக்குள்ள கீது."

"உங்க பஸ் வந்தா ஹாரன் அடிக்கும். போங்க."

"அந்தப் புள்ளய எத்தினி வாட்டிதான் எழுப்புவ? அவனும் பாலம் வரைக்கும் போய்ப் போய்த் திரும்பிகினு கெடக்குறான். சேவ்னு ஒண்ணு இருக்குமே, பண்ண வேண்டிதான?"

"பண்ணா அவன் ஆடினது அழிஞ்சிடும்."

இவர் செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போனார். பலா மரத்தடியில் கொஞ்ச நேரம் சும்மா நின்றதை ஜன்னல் வழியாகப் பார்த்தேன்.

ரிட்டயர்மென்ட் நெருங்க நெருங்க எனக்கு ஒரே கவலைதான். இந்த வீடு கை மாறிவிடும். அடுத்து வருகிறவர்களுக்காக வெள்ளையடித்துவிடுவார்கள். கதவு நிலையில் அவன் உயரம் குறித்த கோடு, சமையலறைச் சுவரில் அவன் ஒட்டிய ஸ்டிக்கர், எல்லாம் அந்த வெள்ளைக்கு அடியில் போய்விடும். வரக் கூடாது என்று சொன்ன வீடே இல்லாமல் போன பிறகு, அவன் எந்த வீட்டுக்குத் திரும்பி வருவான்? ஊரில் நாங்கள் போகப்போகிற வீடு அவனுக்குப் பழக்கமில்லாதது. காலி பண்ணுவதற்குள் அவன் வந்துவிட வேண்டும். யாரிடம் போய்ச் சொல்வது இதை?

அந்த வாரம் இவருக்கு செகண்ட் ஷிஃப்ட், மத்தியானம் போனால் ராத்திரிதான் வருவார். ஆனால் கூட வேலை பார்க்கும் ஒருவர் வீட்டில் விசேஷம் என்று மியூச்சுவல் கேட்டார். அந்த நாளுக்கு மட்டும் ஷிஃப்டை மாற்றிக்கொள்வது. இவர் அவருடைய காலை ஷிஃப்டுக்குப் போய்விட்டு மத்தியானமே வந்துவிட்டார். சாயங்காலம் நான் மந்தாரக்குப்பத்துக்குக் காய் வாங்கப் போனேன். போனை ஃப்ரிட்ஜ் மேல் சார்ஜில் போட்டுவிட்டு.

திரும்பி வந்து கேட்டைத் திறக்கும்போது உள்ளே என் மகன் குரல். சுரங்கத்து இயந்திரச் சத்தத்தில் காது மந்தமாகி, இவர் எப்போதும் போனை ஸ்பீக்கரில்தான் போடுவார். காய்கறிப் பையோடு வாசலிலேயே நின்றுவிட்டேன்.

"அம்மா இல்லியா?"

"கடைக்குப் போயிகிறா."

அவன் மெதுவாக, "உங்களுக்கு செகண்ட் ஷிஃப்ட் இல்ல?"

"மியூச்சுவல்."

"சரிப்பா. நான் அப்பறம் பேசறேன்."

"இரு."

இவர் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"அந்த கேம்ல பாலத்தாண்ட ஒரு கெழவன் நின்னுகினு வுடமாட்டேங்கிறானே. அவனத் தாண்டி எப்டிப் போறது?"

"எந்த கேம்ப்பா?"

"உன்னுதுதான். உங்கம்மா ஆடுறா."

"அம்மாவா?"

"தெனம் மொதல்லேர்ந்து. பாத்துப் பாத்து எனக்கே அந்தப் பாட்டு மனப்பாடம்."

"சேவ் பண்ணச் சொல்லுங்கப்பா. அங்கேர்ந்தே ஆடலாம்."

"பண்ணா உன்னுது போயிடுமாம். அதான் பண்ணமாட்டேங்கிறா."

பை கனத்தது. கீழே வைக்கவும் தோன்றவில்லை.

"அந்தக் கெழவன்கிட்ட ரெண்டு தடவ பேசணும்பா. மொத தடவ போன்னுதான் சொல்லுவான். அங்கயே நின்னு இன்னொரு தடவ பேசினா விட்ருவான்."

"அவ்ளோதானா?"

"அவ்ளோதான்பா."

"இது தெரியாமத்தான் இத்தினி நாளா நின்னுகினு இருந்தமா" என்றார் இவர். யாரைச் சொன்னார் என்று எனக்குத் தெரியவில்லை. உடனே வேறு குரலில் படபடவென்று பேசினார். "மாசக் கடைசில வூட்ட ஒப்படைக்கணும். பரண்மேல உன் சாமான்லாம் கெடக்கு. எது வேணும், எது வாணாம்னு எங்களுக்கு இன்னா தெரியும்? வந்து பாத்துட்டுப் போ."

"வரேம்பா."

நான் செருப்பைச் சத்தமாகக் கழற்றிவிட்டு, அப்போதுதான் வருகிறவள் மாதிரி உள்ளே போனேன். இவர் போனைச் சார்ஜில் திரும்ப மாட்டிக்கொண்டே, "உன் புள்ள பேசினான். பாலம் தாண்டுறது ஈஸியாம்" என்றார், கத்திரிக்காய் விலை சொல்வது போல.

வீட்டை ஒப்படைப்பதற்கு முந்தின நாள் வந்தான். கன்னம் ஒட்டிப்போய், தாடி வைத்திருந்தான். அப்பாவும் பிள்ளையும் கட்டிலைப் பிரித்தார்கள், பீரோவைச் சாய்த்துத் தூக்கினார்கள். "உன் பக்கம் இறக்கு", "கதவுல இடிக்குது பாரு", இப்படி. வேறு பேச்சு இல்லை. ஆனால் இவையும் பேச்சுதானே. நான் காபி போட்டுப் போட்டு ஊற்றிக்கொண்டிருந்தேன்.

மறுநாள் டெம்போவில் சாமானெல்லாம் ஏறிவிட்டது. வெறும் ஹாலில் பேசினால் எதிரொலித்தது. சுவரில் சாய்ந்து உட்கார்ந்து அந்த விளையாட்டுச் சாமானை அவன் கையில் கொடுத்தேன். "உன்னுது அப்படியே இருக்குடா. நான் தொடவே இல்ல."

மேல்வரியை அழுத்தினான். கோட்டை வரும், பூதம் வரும் என்று எட்டிப் பார்த்தேன். ஒரு சின்ன வீடு வந்தது. கட்டில். பக்கத்தில் அந்த அம்மா. எதிரே தலைமுதல் கால்வரை கவசம் போட்ட வாலிபன் ஒருவன் நின்றுகொண்டிருந்தான்.

"இது மொதல்ல வர்ற வீடுல்ல? இவ்வளவு தூரம் போயிட்டு ஏன்டா இங்க வந்து நிக்கிற?"

"கடைசி சண்டைக்கு முன்னாடி ஒரு தடவ வந்தேன்மா. அந்த அம்மாகிட்ட பேசினா எல்லா அடியும் ஆறிடும். சத்திரத்துல காசு புடுங்குவான், இங்க ஃப்ரீ." பொத்தானைத் தடவிக்கொண்டே சொன்னான். "அப்பறம் ஆடல. பெங்களூர் போயிட்டேன்."

வாசலில் கயிறு சுருட்டிக்கொண்டிருந்த இவர் திரும்பினார். "அப்ப கடைசி சண்ட போடவே இல்லியா நீ?"

"இல்லப்பா. போட்டாலும் தோத்திருப்பேன். லெவல் பத்தாது."

இவர் சிரித்தார். பிள்ளையும் சிரித்தான். வெற்று ஹால் அதை வாங்கி இன்னொரு முறை சிரித்தது.

அவன் அணைத்துவிட்டுப் புது ஆட்டம் வைத்து என்னிடம் தந்தான். பேர் கேட்டது. பழக்கத்தில் அவன் பேரின் முதல் எழுத்துக்கு விரல் போயிற்று. "உம் பேரப் போடும்மா" என்றான். "கண்ணாலத்துக்கு அப்பறம் ரேஷன் கார்டத் தவுர எங்க எழுதின அத? போடு" என்றார் இவர் வாசலிலிருந்து. போட்டேன். என் பேர் கொண்ட ஒருத்தி கட்டிலிலிருந்து எழுந்தாள். பூச்சியோடு சண்டை போட்டாள். பாலத்துக்குப் போனாள். கிழவர் போ என்றார். நான் நின்றேன். இன்னொரு தரம் பேசினேன். அவர் நகர்ந்து வழிவிட்டார்.

அக்கரையில் ஒரு சத்திரம். அதே கேள்வி வந்தது, அழித்துவிட்டு எழுதவா. மகனைப் பார்த்தேன். அவன் முழங்கால் என் முழங்காலில் இடித்தபடி இருந்தது. இத்தனை நாள் எதைக் காப்பாற்றிக்கொண்டிருந்தேனோ அது அந்தச் சோப்புப் பெட்டிக்குள் இல்லை, இங்கே தாடியோடு வியர்வை நாற்றத்தோடு உட்கார்ந்திருந்தது. சரி என்று அழுத்தினேன். சின்னதாக ஒரு மணிச் சத்தம். அவ்வளவுதான்.

சாமான்களை ஊருக்கு அனுப்பிவிட்டு, அவனைப் பெங்களூர் பஸ்ஸில் ஏற்ற நாங்கள் இருவரும் பஸ் ஸ்டாண்டுக்குப் போனோம். அடுத்த மாதமே என் ஆட்டம் மூன்று ஊர் தாண்டிவிட்டது. எங்கள் பழைய வீட்டில் வேறு யாரோ பிள்ளையின் உயரத்தைக் கோடு போட்டுக்கொண்டிருப்பார்கள். ஒரே ஓர் இடம்தான் இருக்கிறதென்றால் பழையதன் மேல்தான் புதியதை எழுத வேண்டும். அதற்கு எனக்கு இப்போது பயமில்லை. அன்று பஸ் கிளம்பி நகரும்போது இவர் கூடவே இரண்டு எட்டு நடந்து, ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு அவனிடம் சொன்னதை நினைத்தால் எனக்கு எதற்குமே பயமில்லை.

"இனிமே எனக்கு ஷிஃப்ட் கெடையாதுடா. எப்ப வேணா ஃபோன் பண்ணு."