திட்டு வாங்க ஓர் ஆள்

என் அம்மாவுக்கு அரசாங்கத்தோடு சண்டை போடத் தெரியும். வேறு படிப்போ சொத்தோ அவளுக்கு இல்லை. ஈஜிபுராவில் எங்கள் சந்தில் இருந்த பெண்கள் எல்லோருக்கும் அந்த வித்தை கொஞ்சம் கொஞ்சம் தெரியும் என்றாலும் அம்மாதான் கைதேர்ந்தவள். அவள் மகள் என்பதால் எனக்கும் வாய் நீளம் என்று சொல்வார்கள். பொய்யில்லை. ஆனால் அந்த வாயைச் சம்பளத்துக்காக மூடி வைக்க நான் பிறகு கற்றுக்கொண்டேன்.

திருவண்ணாமலைப் பக்கத்திலிருந்து இந்தக் கன்னட ஊருக்குப் பிழைக்க வந்து, தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அந்தச் சந்தின் லைன் வீடுகளில் ஒன்றில் குடியேறினோம். அப்பாவுக்குப் பொம்மசந்திராவில் ஒரு கம்பெனியில் ஷிப்டு வேலை. சந்து முனையில் ஒரு தெருக்குழாய் இருந்தது. நல்லி என்போம். இரண்டு நாளைக்கு ஒரு முறை அதில் தண்ணீர் வரும். ஆள் நிற்க வேண்டாம், வரிசையில் குடம் நின்றால் போதும். குடத்தை விட்டுவிட்டுப் போக முடியாதவர்கள் ஒரு செங்கல்லையோ அறுந்த செருப்பையோ வைத்துவிட்டு வேலைக்குப் போவார்கள். அந்தச் செங்கல்லைத் தாண்டி யாரும் பிடிக்க மாட்டார்கள். பிடித்தால் அம்மாவிடம் மாட்டிக்கொள்வார்கள்.

நான்கைந்து நாள் சேர்ந்தாற்போல் தண்ணீர் வராவிட்டால் அம்மாவும் எதிர்வீட்டு அக்காவும் கிளம்புவார்கள். எதிர்வீட்டு அக்கா மண்டியா பக்கத்துக்காரர், கன்னடத்தில்தான் பேசுவார். அம்மா தமிழில் பதில் சொல்வாள். வருஷக்கணக்காக இரண்டு பேரும் அப்படித்தான் பேசிக்கொண்டார்கள். காவிரித் தகராறில் ஊரே பற்றிக்கொண்ட தொண்ணூற்றொன்றாம் வருஷக் கடைசியில், எங்கள் மூன்று பேரையும் தன் வீட்டுக்குள் தள்ளிக் கதவைச் சாத்திவிட்டு, ஒன்றும் நடக்காதது போல வாசலில் உட்கார்ந்து அவரைக்காய் உரித்துக்கொண்டிருந்தவர் அவர். அதைப் பற்றிப் பிறகு ஒரு நாளும் அவர் பேசியதில்லை. அம்மாவும் நன்றி என்று சொன்னதில்லை. அப்படிச் சொன்னால் அக்கா கோபித்துக்கொண்டிருப்பார்.

இந்த இரண்டு பேர் முன்னால் போக, சந்துப் பெண்கள் எல்லோரும் காலிக்குடத்தோடு தண்ணீர் ஆபீசுக்கு நடப்போம். என்னைப் பள்ளிக்கூட யூனிபாரத்திலேயே அம்மா கூட்டிப்போவாள். “யூனிபாரம் பாத்தா ஆபீசருங்களுக்கு மனசு எறங்கும்டி” என்பாள். ஆபீஸ் வாசலில், பாதி ரோட்டை மறிக்கிற மாதிரி, குடங்களை வரிசையாக வைத்து உட்கார்ந்துவிடுவோம். அங்கே இருந்த இன்ஜினியருக்குக் குடச் சத்தம் கேட்டாலே பின்பக்கம் கழிப்பறைக்குப் போய்விடுகிற பழக்கம் இருந்தது. எங்களுக்கும் தெரியும். எவ்வளவு நேரம்தான் உள்ளேயே இருப்பார் என்று காத்திருப்போம். கடைசியில் முகம் கழுவிக்கொண்டு வந்து நாற்காலியில் உட்கார்ந்து, திட்டு வாங்கத் தயாராவார். அம்மா ஆரம்பிப்பாள்.

“பம்பு கெட்டுப்போச்சின்னா சரி பண்ணு சார். அதுக்குத்தான அந்த சேர்ல குந்திகினு இருக்க? உங்க வூட்டம்மா கொடத்தத் தூக்கினு இந்த வெயில்ல வருவாங்களா?”

அவர் முகம் சிவக்கும். கைகளை விரித்து, “நானேனு மாட்லி அம்மா?” என்பார். நான் என்ன செய்யட்டும் என்று அர்த்தம். அந்த வார்த்தை வந்துவிட்டால் பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வார்கள். ஏனென்றால் அதற்கு அடுத்தபடி அவர் போனை எடுப்பார், பொழுது சாய்வதற்குள் சந்து முனையில் தண்ணீர் லாரி வந்து நிற்கும். அழுத பிள்ளைதான் பால் குடிக்கும் என்று அம்மா வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வருவாள்.

அந்த அரசாங்கம் நல்ல அரசாங்கம் என்று நான் சொல்லவரவில்லை. சோம்பேறி அரசாங்கம் அது. பெரிய வீடுகளுக்குத் தடிமனான பைப்பும் எங்களுக்குச் சுண்டுவிரல் பைப்பும் போட்ட அரசாங்கம். ஆனால் அதற்கு ஒரு நாற்காலி இருந்தது, நாற்காலியில் ஒரு முகம் இருந்தது, நாம் கத்தினால் அந்த முகம் சிவந்தது. இதெல்லாம் பெரிய விஷயம் என்று அப்போது எங்களில் யாருக்கும் தெரியவில்லை.

இரண்டாயிரத்தை ஒட்டிய வருஷங்களில் ஒரு நாள், பக்கத்துப் பள்ளிக்கூட மைதானத்தில் ஷாமியானா போட்டு எங்களைக் கூப்பிட்டார்கள். மடிப்புக் கலையாத சட்டை போட்ட ஓர் இளைஞன் படம் காட்டிப் பேசினான். தண்ணீர் கொடுப்பது அரசாங்கத்தின் வேலை இல்லை, தண்ணீர் ஒழுங்காகக் கொடுக்கப்படுகிறதா என்று பார்ப்பதுதான் அதன் வேலை என்றான். கொடுக்கிற வேலையை ஒரு கம்பெனி பார்த்துக்கொள்ளுமாம். தெருக்குழாய் போய்விடும். பத்து வீட்டுக்கு ஒரு இணைப்பு, அதற்கு ஒரு மீட்டர், யாராவது ஒருவர் பெயரில் பில். “இனிமேல் நீங்கள் கையேந்துகிறவர்கள் இல்லை. நீங்கள் கஸ்டமர்” என்றான். அம்மா முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தாள். நானும் கைதட்டினேன். கல்லூரியிலும் அப்போது அப்படித்தான் சொல்லிக்கொடுத்தார்கள்.

யார் பெயரில் இணைப்பு என்று கேட்டபோது எல்லோரும் அம்மாவைத்தான் பார்த்தார்கள். ஆபீஸ்காரர்களோடு பேசத் தெரிந்தவள் அவள்தானே. முதலில் கையைக் காட்டியவர் எதிர்வீட்டு அக்கா. எங்கள் வீட்டு வாசலில் குழாய் வந்தது, பக்கத்தில் இரும்புப் பெட்டிக்குள் மீட்டர். அம்மா குழாய்க்கு மஞ்சள் குங்குமம் வைத்துக் கற்பூரம் காட்டிச் சந்து முழுக்கச் சுண்டல் கொடுத்தாள். பழைய நல்லியை அறுத்து சிமெண்டு வைத்து அடைத்தார்கள். அப்புறமும் சில நாள் யாரோ பழக்கதோஷத்தில் அங்கே ஒரு செங்கல் வைத்திருந்தார்கள்.

முதல் சில மாதம் சுகமாகத்தான் இருந்தது, அதையும் சொல்ல வேண்டும். பிறகு பில் ஏறத் தொடங்கியது. தண்ணீர் வருவதற்கு முன்னால் குழாயில் காற்று வரும், உஸ்ஸென்று வெகுநேரம் சீறும். அந்தக் காற்றுக்கும் மீட்டர் ஓடியது. அம்மா முதலில் சிரித்தாள். “காத்துக்கெல்லாமாடி காசு கேப்பானுங்க?” என்றாள். அடுத்த பில்லும் அப்படியே வந்தபோது அவளும் எதிர்வீட்டு அக்காவும் பழையபடி குடங்களோடு கிளம்பினார்கள். நானும் போனேன்.

அதே இன்ஜினியர்தான், தலை நரைத்திருந்தது. அவருடைய அறையை நடுவில் பலகை வைத்துத் தடுத்துப் பாதியாக்கியிருந்தார்கள். எங்களைப் பார்த்ததும் அவர் பின்பக்கம் ஓடவில்லை. எழுந்து வந்து அம்மாவை உட்காரச் சொன்னார். “ஈக இது நம்தல்ல அம்மா” என்றார். இப்போது இது எங்களுடையது இல்லை என்று சாந்தமாகச் சொன்னார். முகம் சிவக்கவே இல்லை. எனக்கு அதைப் பார்க்கத்தான் பயமாக இருந்தது.

கம்பெனியின் ஆபீஸ் ஒரு கட்டிடத்தின் மாடியில் இருந்தது. காவலாளி குடத்தோடு மேலே விட முடியாது என்றான். குடத்தைக் கீழே வைத்துவிட்டுப் போகிறோம் என்றதற்கு, மேலே பேசுகிற ஆள் யாரும் இல்லை, புகாரெல்லாம் போனில்தான் என்று ஒரு நம்பரைக் கொடுத்தான். அம்மா எஸ்.டி.டி. பூத்தில் நின்று அந்த நம்பரைப் போட்டாள். ஒரு பெண் குரல் கன்னடத்திலும் இங்கிலீஷிலும் உங்கள் அழைப்பு எங்களுக்கு முக்கியம் என்று சொல்லிக்கொண்டே இருந்தது. நான் அர்த்தம் சொன்னேன். அம்மாவுக்கு வந்ததே கோபம்.

“இன்னாடி முக்கியம்? முக்கியம்னா எடுத்துப் பேசுடி! மூஞ்சக் காட்டுடி!”

பூத்துக்காரர் சிரித்துவிட்டார், நாங்களும் சிரித்தோம், அம்மாவும் சிரித்தாள். வீட்டுக்கு வந்ததும் வாசல்படியில் உட்கார்ந்தவள் வெகுநேரம் எழுந்திருக்கவில்லை. நாலு தெருவுக்குக் கேட்கிற தொண்டை அவளுக்கு. அதைக் கேட்க ஓர் ஆள் இல்லாமல் செய்துவிட்டார்கள்.

எனக்கு இன்னொன்றும் தெரியும், அதை அவளிடம் சொல்லவில்லை. நான் அப்போது கோரமங்களாவில் ஒரு கால் சென்டரில் சேர்ந்திருந்தேன். கழுத்தில் அடையாள அட்டை, காதில் ஹெட்போன், வேறொரு பெயர். கடலுக்கு அப்பால் ஒரு நாட்டில் கரண்டு சப்ளையைக் கம்பெனிக்குக் கொடுத்துவிட்டிருந்தார்கள். அங்கே பில் தப்பாக வந்தவர்கள் எல்லாம் என்னைத்தான் திட்டுவார்கள். கத்துகிறவரைக் கத்தவிடு, வருத்தம் தெரிவி, எதற்கும் வாக்குக் கொடுக்காதே என்று எங்களுக்குப் பயிற்சி. போனில் ஒரு வயசான அம்மா, “நீ எங்கேதான் உட்கார்ந்திருக்கிறாய், அதையாவது சொல்” என்று அழுதாள். அதைச் சொல்லக்கூடாது என்பதும் பயிற்சியில் ஒன்று. அம்மாவின் போனை ஒரு நாள் மனுஷி யாராவது எடுத்தாலும், எடுப்பவள் என்னைப் போல ஒருத்தியாகத்தான் இருப்பாள். என் வேலை திட்டு வாங்குவது என்று அம்மாவுக்குத் தெரியும், இதைத்தான் நான் சொல்லவில்லை.

பத்து வீட்டில் ஒரு வீடு பாக்கி வைத்தாலும் இணைப்பை வெட்டிவிடுவார்கள். எல்லோரும் முனகிக்கொண்டே கட்டினார்கள். எதிர்வீட்டு அக்கா மட்டும் மாட்டேன் என்றார். அவரிடம் பணம் இல்லாமல் இல்லை. அது பொய் பில், பொய்க்கு ஏன் கட்ட வேண்டும் என்பதுதான் அவர் கேள்வி.

“பொய்தான்க்கா, எனக்குத் தெரியாதா? ஆனா வெட்டிடுவானுங்களே” என்றாள் அம்மா.

அப்படியென்றால் போய்ச் சண்டை போடு என்று அக்கா கன்னடத்தில் சொன்னார்.

“யார்கிட்ட போடறது? நீங்களே சொல்லுங்க, யார்கிட்ட?”

கொஞ்ச நாள் அக்கா வீட்டுப் பங்கையும் அம்மாவே கட்டினாள். அதைப் பார்த்து இன்னும் இரண்டு வீட்டார் கட்டுவதை நிறுத்தினார்கள். ஒரு நாள் ஸ்பேனரோடு ஓர் ஆள் வந்து நின்றான். அம்மா வாயைத் திறப்பதற்குள் அவன், “என்னத் திட்டாதீங்கம்மா, நா தினக்கூலி, கம்பெனிக்குள்ள என்னையே விட மாட்டாங்க” என்றான். அம்மா அவனிடம் கெஞ்சினாள். அவள் கெஞ்சி நான் கேட்டது அதுதான் முதல் தடவை. அவன் ஒரு வாரம் தவணை கொடுத்துவிட்டுப் போனான். மறுநாள் அம்மா கடைக்குப் போய் ஒரு பூட்டு வாங்கிவந்து குழாயில் போட்டாள். கட்டியவர்களுக்குத் திறப்பாள், கட்டாதவர்களுக்கு இல்லை.

எதிர்வீட்டு அக்கா குடத்தோடு வந்து பூட்டைப் பார்த்தார், அம்மாவின் இடுப்பில் தொங்கிய சாவியைப் பார்த்தார். “தேவ்ரு கொட்ரூ பூஜாரி கொடல்லா” என்றார். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க மாட்டான் என்று நாம் சொல்வோமே, அதேதான். எந்த மொழியில் சொன்னாலும் அது சுடும். அம்மா சாவியை முந்தானைக்குள் மறைத்துக்கொண்டாள். உள்ளே வந்து என்னிடம், “அவங்க சொல்றது சரிதான்டி. நா பேசின பேச்சத்தான் அவங்க பேசறாங்க” என்றாள். அன்று சாயங்காலம் ஒரு குடம் நிறையப் பிடித்து அந்த வீட்டு வாசலில் வைத்துவிட்டு வந்தாள். அடுத்த நாள் வரைக்கும் அது தொடப்படாமல் அங்கேயே இருந்தது. அம்மாவே போய்த் திரும்பத் தூக்கிவந்தாள். “அன்னிக்கு நம்மள உள்ள வச்சி சாத்தின கதவு. அந்தக் கதவுக்கா நா தண்ணி இல்லேன்னேன்” என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு, அப்புறம் அவள் சரியாகச் சாப்பிடவில்லை. ஊருக்கு இளைத்தவள் அவள்தான் என்று கம்பெனிக்கும் தெரிந்திருந்தது, சந்துக்கும் தெரிந்திருந்தது.

தவணை முடிவதற்குள், ராத்திரி ஷிப்டு முடிந்து ஒரு நாள் காலையில் ஆபீஸ் வண்டி என்னை மெயின் ரோட்டில் இறக்கிவிட்டது. சந்துக்குள் திரும்பியதும் அப்படியே நின்றுவிட்டேன். எங்கள் வீட்டு வாசலிலிருந்து சந்து முனைவரை காலிக்குடங்கள் வரிசையாக இருந்தன. நடுவில் ஒரு செங்கல்கூட இருந்தது. கட்டியவர்கள், கட்டாதவர்கள் எல்லோரும் குடத்துக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார்கள், முன்னால் எதிர்வீட்டு அக்கா. தண்ணீர் ஆபீசுக்குப் போவது போலவே எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டார்கள். அம்மாவை என்ன செய்துவிட்டார்களோ என்று ஓடினேன். கதவு திறந்தே கிடந்தது. அப்பா ஷிப்டுக்குப் போயிருந்தார், உள்ளே யாரும் இல்லை. படியில் சாவி கிடந்தது.

திரும்பிப் பார்த்தேன். எதிர்வீட்டு அக்காவுக்குப் பக்கத்தில், எங்கள் வீட்டுப் பச்சைக் குடத்தை முன்னால் வைத்துக்கொண்டு, அம்மா வரிசையில் உட்கார்ந்திருந்தாள். இரண்டு பேருடைய முழங்கால்களும் இடித்துக்கொண்டிருந்தன.

“இன்னாம்மா இது? உன் வூட்டு வாசல்ல நீயே குந்திகினு?”

“பின்ன? எனக்கும்தான் பொய் பில்லு வருது.”

“உள்ள யாருமில்லையே.”

“அதான்டி. அதான் எல்லாரும் அப்பலேர்ந்து சும்மா குந்திகினு இருக்கோம்.” அவள் பார்வை என் கழுத்தில் தொங்கிய அட்டைக்குப் போனது. “உனக்குத்தான் திட்டு வாங்கறதுக்குச் சம்பளம் தராங்களே. போ, உள்ள போயி நில்லு.”

இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள். எதிர்வீட்டு அக்கா சிரிக்கவில்லை. போ என்று எனக்குத் தலையை ஆட்டினார். நான் செருப்பைக் கழற்றிவிட்டு, சாவியைத் தாண்டி உள்ளே போய், வாசல் நிலைக்குப் பின்னால் அவர்களைப் பார்த்து நின்றேன். அட்டையைக் கழற்ற மறந்துவிட்டது.

அம்மாதான் ஆரம்பித்தாள். “சார்” என்றாள். பல மாதமாகக் காணாமல் போயிருந்த அவள் குரல் நாலு தெருவுக்கும் கேட்கிற மாதிரி கிளம்பியது. காற்றுக்குக் காசா என்று கேட்டாள். கூடப்பிறந்தவள் மாதிரி இருந்தவளுக்கே என்னைப் பூட்டுப் போட வைத்துவிட்டாயே என்று கேட்டாள். கண்ணீர் வழிந்தது, அதை அவள் துடைக்கவில்லை. அவள் விளையாடவில்லை என்று எனக்கு அப்போது புரிந்தது. அக்கா கன்னடத்தில் சேர்ந்துகொண்டார், அப்புறம் சந்து முழுக்கக் கத்தியது. ராத்திரி முழுக்கச் சொன்ன அந்த இங்கிலீஷ் மன்னிப்பு என் நாக்கு நுனிவரை வந்தது. அதை விழுங்கினேன். என் கைகள் தாமாக விரிந்தன.

“நானேனு மாட்லி அம்மா?” என்றேன்.

சத்தம் அடங்கியது. பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அந்த வார்த்தைக்குப் பிறகு எப்போதும் லாரி வரும். எல்லோரும் என் முகத்தையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள்.